பாலத்துக்குப் பத்து மடங்கு, சரி. கணக்குப் பலகை எங்கே?

ஒன்றிய சாலைப் போக்குவரத்து, நெடுஞ்சாலைகள் அமைச்சகத்தாருக்கும், சுங்கப் பாலங்களுக்கு ஒப்பந்தம் எழுதுகிற அதிகாரிகளுக்கும் வணக்கம்.

டோல்கேட் பற்றி யார் உங்களுக்குக் கடிதம் எழுதினாலும் "எடுத்துத் தொலையுங்கள்" என்றுதான் எழுதுவார்கள். நான் அதற்காக எழுதவில்லை. ஆற்றுக்குக் குறுக்கே பாலம் போடுவது எவ்வளவு பெரிய வேலை என்று ஓரளவு தெரிந்தவன் நான். அதற்குப் பணம் கேட்டால் தரவேண்டியதுதான் என்று நினைக்கிறவன். எனக்கு இருப்பது ஒரே ஒரு கேள்வி. அதைக் கேட்பதற்கு முன்னால் மூன்று நான்கு பாலங்களின் கதையைச் சொல்ல வேண்டியிருக்கிறது. கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் நீங்கள் 2025 ஜூலையில் போட்ட அறிவிப்பு. 2008ஆம் ஆண்டுக் கட்டண விதிகளின்படி, தேசிய நெடுஞ்சாலையில் பாலம், சுரங்கப்பாதை, மேம்பாலம் எது வந்தாலும் அதன் நீளத்தைப் பத்தால் பெருக்கி, மிச்சச் சாலையின் நீளத்தோடு கூட்டித்தான் கட்டணம். வண்டியின் மீட்டரில் ஒரு கிலோமீட்டர் ஓடினால் உங்கள் கணக்கில் பத்து ஓடும். புதிய அறிவிப்பில், இந்தப் பத்து மடங்குக் கணக்கு ஒரு பக்கம், மொத்த நீளத்தின் ஐந்து மடங்கு இன்னொரு பக்கம், இரண்டில் எது குறைவோ அதுதான் கட்டணம் என்றீர்கள். 40 கிலோமீட்டர் முழுக்கவே தூண்கள் மேல் போகிற பாதை என்றால் முன்பு 400 கிலோமீட்டருக்குக் கட்ட வேண்டும், இப்போது 200. "பாதியாகக் குறைந்தது" என்று செய்தி வந்தது, நாங்களும் சந்தோஷப்பட்டோம்.

அப்புறம் ஒரு ராத்திரி பேனாவும் காகிதமுமாக உட்கார்ந்து போட்டுப் பார்த்தேன். 40 கிலோமீட்டர் சாலையில் ஒரு கிலோமீட்டர் ஆற்றுப்பாலம் இருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். பத்து மடங்குக் கணக்கில் 10 கூட்டல் 39, ஆக 49. ஐந்து மடங்குக் கணக்கில் 200. குறைவானது 49, அதாவது பழைய கட்டணமேதான். பாதையில் நூற்றுக்கு 44 பங்குக்கு மேல் பாலமோ சுரங்கமோ இருந்தால்தான் இந்தச் சலுகை ஒரு ரூபாயாவது குறைக்கும். சாதாரணமாக ஓர் ஆற்றைத் தாண்டிப் போகிறவனுக்கு இதில் ஒன்றும் இல்லை. இதைக் குறையாகச் சொல்லவில்லை. உயர்த்திக் கட்டிய நகரச் சாலைகளை மனதில் வைத்துப் போட்ட விதி, புரிகிறது. ஆனால் ஆற்றுப்பாலத்துக்குப் பத்து மடங்கு இன்னும் அப்படியே இருக்கிறது என்பதை யாராவது சொல்லித்தானே ஆகவேண்டும்.

சரி, பத்து மடங்கு அநியாயமா? இல்லை என்றுதான் சொல்வேன். கோடையில் ஆறு வற்றிக் கிடக்கும்போது பாலத்தைப் பார்க்கிறவர்கள் "நாலு தூணை நட்டு மேலே பலகை போட்டதற்கா இவ்வளவு?" என்பார்கள். பணம் போனது அவர்கள் பார்க்காத இடத்தில். நம் பெரிய ஆறுகள் பெரும்பாலும் மணல் ஆறுகள். பாறை எங்கேயோ ஆழத்தில் கிடக்கும், சில இடங்களில் தேடினாலும் கிடைக்காது. அதனால் தூணுக்குக் கீழே கிணறு இறக்குவார்கள். நாம் வீட்டுக்குத் தோண்டுகிற கிணறு மாதிரியே வட்டமான சுவர், கான்கிரீட்டில். அதை மணல்மேல் நிற்கவைத்து, உள்ளே இருக்கிற மணலை அள்ள அள்ள அது தன் பாரத்திலேயே கீழே இறங்கும். இறங்க இறங்க மேலே சுவரை வளர்த்துக்கொண்டே போவார்கள். ஒரு பக்கம் கெட்டி மண், மறு பக்கம் இளகிய மணல் என்று வந்துவிட்டால் கிணறு சாய்ந்துவிடும், அதை நிமிர்த்துவதற்குள் மேஸ்திரிக்கு நாக்குத் தள்ளிவிடும். இப்படி இறங்கி உட்கார்ந்த பிறகுதான் அதன் தலையில் தூண்.

ஏன் அவ்வளவு ஆழம்? வெள்ளம் வரும்போது ஆறு மேலே மட்டும் உயர்வதில்லை, கீழேயும் தோண்டிக்கொண்டு போகிறது. தூணில் மோதுகிற தண்ணீர் சுழித்துக்கொண்டு அடியில் இருக்கிற மணலை வாரிவிடும். தூணின் மூக்கில் வருகிற அரிப்பு, ஆற்றின் சாதாரண அரிப்பைப் போல இரண்டு மடங்கு என்று வைத்துத்தான் நம் பொறியாளர்கள் கணக்குப் போடுகிறார்கள். அந்தக் குழிக்கும் கீழே கிணறு மேலும் ஒரு பிடி போய் நிற்க வேண்டும். வெள்ளம் வடிந்ததும் அதே மணல் திரும்பி வந்து குழியை மூடிவிடும், ஒன்றுமே நடக்காதது மாதிரி. மழைக்காலம் முடிந்து பாலத்தைப் பார்க்கப் போகிற அதிகாரிக்கு எல்லாம் நன்றாகவே இருப்பதாகத் தோன்றும். ஆற்றை நம்பக்கூடாது என்று சும்மாவா சொன்னார்கள்.

பாலத்தின் நீளத்துக்கும் ஒரு கணக்கு இருக்கிறது. 1930 வாக்கில் லேசி என்ற பொறியாளர் இங்கே உள்ள கால்வாய்களைப் பார்த்து ஒரு சூத்திரம் எழுதினார். விநாடிக்கு எத்தனை கன மீட்டர் வெள்ளம் வருமோ அதன் வர்க்கமூலத்தை 4.8ஆல் பெருக்கினால், வண்டல் மண்ணில் அந்த ஆறு தானாக எடுத்துக்கொள்கிற அகலம் மீட்டரில் வந்துவிடும். 10,000 கன மீட்டர் வெள்ளம் என்றால் 480 மீட்டர். ஆற்றின் படுகை இரண்டு மூன்று கிலோமீட்டர் விரிந்து கிடந்தாலும், இரண்டு பக்கமும் வழிகாட்டுக் கரை எழுப்பி வெள்ளத்தை அந்த 480 மீட்டருக்குள் ஒதுக்கிக் கொண்டுவந்துவிட்டால் அந்த நீளத்துக்குப் பாலம் போதும். மிச்சத்துக்கு மண் அணைத்த சாலை. சிக்கனமான வழிதான், ஆனால் அந்தக் கரைகளைப் பாலம் உள்ளவரை காப்பாற்றியாக வேண்டும். கரை போனால் ஆறு பாலத்தைச் சுற்றிக்கொண்டு போய்விடும், பாலம் மணலில் கட்டிய மண்டபமாக நிற்கும்.

இந்த அரிப்புக்கும் சுங்கத்துக்கும் ஒரு பழைய உறவு உண்டு. லண்டனில் தேம்ஸ் மேல் ஜான் ரென்னி கட்டிய வாட்டர்லூ பாலம், ஒன்பது கண், கருங்கல். 1817 ஜூனில் திறந்தார்கள். கட்டியது ஒரு தனியார் கம்பெனி. நடந்து போகிறவனுக்கு ஒரு பென்னி சுங்கம். அழகில் குறையில்லை, ஆனால் போட்ட பணம் வரவில்லை. காரணம் சின்னது. மேலேயும் கீழேயும் கொஞ்ச தூரத்தில் சுங்கமே இல்லாத இரண்டு பாலங்கள் இருந்தன. ஒரு பென்னியை மிச்சம்பிடிக்க ஜனங்கள் சுற்றிக்கொண்டு போனார்கள். கடைசியில் 1878இல் நகர வாரியம் வாங்கிச் சுங்கத்தை எடுத்தது. அதற்குள் ஆறு வேறு வேலை பார்த்துவிட்டது. 1830களில் கீழே இருந்த பழைய லண்டன் பாலத்தை இடித்ததும் தண்ணீரின் வேகம் கூடி, வாட்டர்லூவின் தூண்களுக்கு அடியில் அரிப்பு பிடித்தது. பத்துப் பதினைந்து வருடத்தில் தெரிகிற விஷயம் இல்லை இது. 1920களில் தூண் இறங்கி, 1930களில் பாலத்தையே இடித்தார்கள்.

அதே வாட்டர்லூ பாலத்தின் சாயலில் நம் திருநெல்வேலியில் ஒன்று கட்டப்பட்டது, 1843இல், தாமிரபரணி மேல், பதினொரு கண். பாளையங்கோட்டைக்கும் திருநெல்வேலிக்கும் நடுவில் படகுதான் என்றிருந்த காலம். கலெக்டர் தாமஸ் பாலம் வேண்டும் என்றார், மதிப்பீடு ஏறக்குறைய 50,000 ரூபாய். மக்களிடம் வசூலிப்பது என்று பேச்சு. அந்தப் பொறுப்பு கலெக்டர் அலுவலகத்தில் சிரஸ்தாராக, அதாவது தலைமை அலுவலராக இருந்த சுலோச்சன முதலியார் தலையில் விழுந்தது. அவர் ஊர் ஊராக உண்டியல் தூக்கவில்லை. தன் சொத்திலிருந்து எடுத்துக் கொடுத்துவிட்டார். பிற்காலத்தில் அகலப்படுத்தியிருக்கிறார்கள், ஆனாலும் இன்றைக்கும் பேருந்து போகிறது அதன்மேல். லண்டனில் அசல் போய்விட்டது, நம்மிடம் நகல் நிற்கிறது. திருநெல்வேலிக்காரர்கள் இதைச் சொல்லும்போது குரல் கொஞ்சம் உயரும், உயரட்டும்.

எல்லா ஆற்றுக்கும் ஒரு முதலியார் கிடைக்கமாட்டார், தெரியும். ஆகவே சுங்கம். சுங்கம் என்றால் அது எப்போது தீரும் என்ற கேள்வியும் கூடவே வரும். இங்கேதான் நான் சொல்ல வந்த பாலம்.

டெல்லியில் மயூர் விஹாரில் சில வருடங்கள் குடியிருந்தேன். நம் ஆட்கள் நிறைய இருக்கிற பகுதி, பக்கத்திலேயே கோயில், மாலையில் பூக்கூட கிடைக்கும். அங்கிருந்து யமுனையைத் தாண்டித் தெற்கு டெல்லிக்குப் போக டிஎன்டி ஃபிளைவேதான் எனக்கு வழி. டெல்லி, நொய்டா டைரக்ட் என்பதன் சுருக்கம் டிஎன்டி. எட்டு வழி, மொத்தம் 9.2 கிலோமீட்டர், அதில் ஆற்றின்மேல் நிற்கிற பாலம் என்று பார்த்தால் ஏறக்குறைய 550 மீட்டர்தான். மிச்சமெல்லாம் அணுகுசாலையும் சுற்றுப்பாதைகளும். மேலே நிஜாமுதீன் பாலம், கீழே ஓக்லா தடுப்பணை, இரண்டுக்கும் நடுவில். ஒன்று சொல்லியாக வேண்டும், நல்ல பாலம். சாலை சீராக இருக்கும், இணைப்புகளில் டயர் "தட் தட்" என்று தலையில் அடிக்காது, பனிக்காலக் காலையில் ஆற்றின்மேல் மூட்டம் கவிந்து கிடக்கும்போது எதிரே வருகிற வண்டி விளக்கு மட்டும் தெரியும். பணம் கொடுத்துப் போகிறோம் என்ற வருத்தமே எனக்கு முதலில் இருந்ததில்லை.

அது தேசிய நெடுஞ்சாலை இல்லை, உங்கள் அமைச்சகம் எழுதிய ஒப்பந்தமும் இல்லை. ஆனாலும் நாட்டில் சுங்க ஒப்பந்தம் எழுதுகிற ஒவ்வொருவரும் அந்தக் காகிதத்தை ஒருமுறை படிக்க வேண்டும் என்பது என் கட்சி. 1997 நவம்பரில் கையெழுத்து. ஒரு பக்கம் நொய்டா ஆணையம், மறு பக்கம் பாலத்துக்கென்றே தொடங்கிய நொய்டா டோல் பிரிட்ஜ் கம்பெனி, அதற்குப் பின்னால் ஐஎல்எஃப்எஸ் என்ற நிதி நிறுவனம். கட்டிச் சுங்கம் வசூலிக்க 30 வருடம். 2001 பிப்ரவரியில் வண்டிகள் ஓட ஆரம்பித்தன. கட்டிய செலவு 400 கோடியைச் சற்றுத் தாண்டியது. இதுவரை யாருக்கும் சண்டை இல்லை.

வில்லங்கம், "செலவு" என்ற சொல்லுக்கு அந்த ஒப்பந்தம் கொடுத்த பொருளில் இருந்தது. கட்டிய பணம் மட்டும் செலவில்லை. ஒவ்வொரு வருடமும் பராமரிப்பு, நிர்வாகம், வரி எல்லாம் அதில் சேரும். அதற்குமேல் முதலீட்டுக்கு வருடம் 20 சதவீத ஆதாயம் உறுதி. அந்த ஆதாயம் ஒரு வருடம் முழுதாக வரவில்லையென்றால், குறைந்த தொகை மறுவருடச் செலவில் ஏறிக்கொள்ளும். ஏறிய தொகைக்கும் மறுபடி 20 சதவீதம். 30 வருடத்தில் இதெல்லாம் தீரவில்லை என்றால் காலம் நீளும்.

வட்டிக்கு வாங்கி ஒருமுறையாவது கஷ்டப்பட்ட எந்த வீட்டுப் பாட்டியிடம் காட்டினாலும் இது என்னவென்று சொல்லிவிடுவார். நான் கணக்காகவே காட்டிவிடுகிறேன், உண்மைத் தொகை இல்லை, வெறும் உதாரணம். 100 ரூபாய் கடன். வருடம் 20 சதவீதம். வருடம் தவறாமல் 15 ரூபாய் கட்டுகிறீர்கள். முதல் வருட முடிவில் பாக்கி 105. அடுத்து 111. அதற்கடுத்து 118 சொச்சம். பத்து வருடத்தில் நீங்கள் கட்டியது 150, பாக்கி 230க்குக் கொஞ்சம் கீழே. அதாவது வாங்கியதைவிட ஒன்றரை மடங்கு கட்டி முடித்தபிறகு, வாங்கியதைவிட இரண்டு மடங்குக்குமேல் கடன்காரனாக நிற்கிறீர்கள். இந்த மாதிரிச் சூத்திரத்தின் கீழ் வண்டி கூடினால் என்ன, கட்டணம் ஏறினால் என்ன, பாலம் என்றைக்கும் கடனில்தான் நிற்கும். தூண்கள் லேசியின் கணக்கில் நின்றன, சாவடி கந்துவட்டிக் கணக்கில் நின்றது.

நொய்டா குடியிருப்போர் சங்கங்களின் கூட்டமைப்பு வழக்குப் போட்டது. 2016 அக்டோபர் 26 அன்று அலகாபாத் உயர் நீதிமன்றம் சுங்கத்தை நிறுத்தச் சொன்னது. தீபாவளிக்கு நான்கு நாள் முன்னால். மறுநாள் நான் போகும்போது பழக்கதோஷத்தில் கை சட்டைப்பைக்குள் போய்ச் சில்லறையைத் தேடியது, சாவடியில் கை நீட்ட ஆளில்லை. எனக்கு முன்னால் போனவர் நம்பாமல் வண்டியை நிறுத்தி எட்டிப் பார்த்துவிட்டுத்தான் போனார். பின்னால் எல்லாரும் ஹாரன். அன்றைக்கு எல்லாருக்கும் ஒரே சிரிப்பு.

கம்பெனி உச்ச நீதிமன்றம் போனது. அங்கே தலைமைக் கணக்குத் தணிக்கையரைக் கொண்டு கணக்கைப் பார்க்கச் சொன்னார்கள். எட்டு வருடம் கழித்து, 2024 டிசம்பர் 20 அன்று மேல்முறையீடு தள்ளுபடி. போட்ட பணமும் பராமரிப்பும் கணிசமான லாபமும் ஏற்கெனவே வந்துவிட்டது, டெண்டர் விடாமலே கம்பெனியைத் தேர்ந்தெடுத்தது தவறு, மக்களிடமிருந்து முடிவில்லாமல் வசூலிக்கிற மாதிரி அந்தச் சூத்திரத்தை எழுதியதும் தவறு என்று சொல்லிவிட்டார்கள். தீர்ப்பு நியாயம்தான். ஆனால் எனக்குக் குடைகிற விஷயம் வேறு. போட்ட பணம் வந்துவிட்டதா என்பது ஓர் எளிய கேள்வி. அதற்கு விடை தெரிய ஒரு பொதுநல வழக்கு, ஒரு தணிக்கை, இரண்டு நீதிமன்றங்கள், ஏறக்குறைய 12 வருடம் தேவைப்பட்டிருக்கிறது. தினமும் அந்தச் சாவடியைத் தாண்டிப் போன லட்சக்கணக்கான பேரில் ஒருவருக்கும் விடை தெரியாது. எனக்கும் தெரியாது. என் காசு போன இடம் எனக்குத் தெரியாது.

இதற்கு நேர்மாறான ஒரு பாலத்தையும் சொல்கிறேன், வெளிநாட்டைப் புகழ்வதற்காக இல்லை. இங்கிலாந்துக்கும் வேல்ஸுக்கும் நடுவில் செவர்ன் ஆற்றின் கழிமுகத்தில் 1966 செப்டம்பரில் ஒரு தொங்குபாலம் திறந்தார்கள். நடுக்கண் மட்டும் 988 மீட்டர். 1940இல் அமெரிக்காவில் டகோமா பாலம் காற்றில் முறுக்கிக்கொண்டு விழுந்ததிலிருந்து தொங்குபாலத்தின் தளத்தை ஆழமான இரும்புச் சட்டமாகக் கட்டிக் கெட்டியாக்குவது வழக்கமாக இருந்தது. செவர்னில் அப்படிச் செய்யவில்லை. தளத்தையே மெல்லிய எஃகுப் பெட்டியாக, விமான இறக்கை மாதிரி விளிம்பு கூர்மையாகச் செய்து, காற்றை எதிர்க்காமல் வழுக்கிவிட்டார்கள். இரும்பு எவ்வளவோ மிச்சம். அப்புறம் வந்த பல நீளப் பாலங்கள் அதைப் பார்த்துத்தான்.

அங்கேயும் சுங்கம் இருந்தது, அங்கேயும் ஜனங்கள் திட்டினார்கள். 1992இல் இரண்டாவது பாலத்துக்காக ஒரு கம்பெனியிடம் இரண்டு பாலத்தின் வசூலையும் கொடுத்தபோது, அதற்கென்றே நாடாளுமன்றத்தில் சட்டம் போட்டார்கள். அதில் ஒரு தொகையை 1989 விலையில் எழுதிவைத்தார்கள். அந்தத் தொகை வந்தவுடன் கம்பெனியின் உரிமை முடிந்தது, வராவிட்டாலும் 30 வருடத்தில் முடிந்தது, எது முதலில் வருகிறதோ அது. 2018 ஜனவரியில் பாலங்கள் அரசிடம் திரும்பின, அந்த வருடம் டிசம்பர் 17 அன்று சுங்கம் மொத்தமாகப் போனது. தொகை எவ்வளவு என்பது எல்லாருக்கும் தெரியும், எவ்வளவு தூரம் வந்திருக்கிறது என்பதும் தெரியும். கட்டணம் அதிகம் என்று கோபப்படலாம், ஆனால் முடிவே தெரியாத கோபம் இல்லை அது. இன்னொரு சின்ன புத்தியும் அவர்களிடமிருந்து எடுத்துக்கொள்ளலாம்: 1992க்குப் பிறகு வேல்ஸுக்குள் போகிற திசையில் மட்டும் வசூலித்தார்கள். போனவன் எப்படியும் திரும்பி வரப்போகிறான். பாதிச் சாவடி, பாதி வரிசை, பாதிப் புகை.

ஆனால் கதை அங்கே முடியவில்லை, நான் டோலை எடுக்கச் சொல்லாததற்குக் காரணமும் இதுதான். 2006இல் அந்தத் தொங்குபாலத்தின் பெரிய வடங்களைப் பிரித்துப் பார்த்தபோது உள்ளே கம்பிகள் துருப்பிடித்தும் அறுந்தும் கிடந்தன. உலர்ந்த காற்றை வடத்துக்குள் செலுத்தித் துருவை நிறுத்த ஏற்பாடு செய்தார்கள். சுங்கம் போன பிறகும் துரு போகவில்லை. 2025 மே மாதத்திலிருந்து ஏழரை டன்னுக்குமேல் எடையுள்ள லாரிகளுக்கு அந்தப் பாலத்தில் தடை. கட்டிய கடன் தீர்ந்தாலும் பாலத்தின் செலவு தீராது என்பதற்கு இதைவிட என்ன வேண்டும்.

நம் ஊர் உதாரணங்களும் இருக்கின்றன, அவற்றைச் சொல்லும்போது குரல் இறங்கிவிடுகிறது. 2016 ஆகஸ்டில் மும்பை, கோவா நெடுஞ்சாலையில் மஹாட் அருகே சாவித்திரி ஆற்றுப் பாலம் வெள்ளத்தில் போனது, ராத்திரி நேரம், பஸ்கள் அப்படியே உள்ளே போயின. 2018 ஆகஸ்டில் திருச்சியில், 1928இல் கட்டிய பழைய கொள்ளிடப் பாலத்தின் தூண்கள் வெள்ளத்தில் சரிந்தன. போக்குவரத்தைப் பக்கத்துப் புதுப் பாலத்துக்கு ஏற்கெனவே மாற்றியிருந்ததால் உயிர் போகவில்லை. 2025 ஜூலை 9 அன்று குஜராத்தில் மஹிசாகர் ஆற்றின் கம்பீரா பாலம் வண்டிகளோடு விழுந்தது. 1985இல் கட்டியது, நாற்பது வயதுதான். தூணின் அடி எப்படி இருக்கிறது என்று தண்ணீருக்குள் ஆள் இறங்கிப் பார்ப்பதற்கும், தூணுக்கும் தளத்துக்கும் நடுவில் இருக்கிற பேரிங்கை மாற்றுவதற்கும், வழிகாட்டுக் கரையைக் கல் போட்டுக் காப்பதற்கும் ஒவ்வொரு வருடமும் பணம் வேண்டும். அதற்கு வாங்குங்கள். தருகிறேன்.

குலோத்துங்கனுக்குச் "சுங்கம் தவிர்த்த சோழன்" என்று பட்டம். ஆயிரம் வருடத்தில் எத்தனையோ ராஜாக்கள் எத்தனையோ நாட்டைப் பிடித்தார்கள், ஒருவருக்குச் சுங்கத்தை எடுத்ததற்காகவே பெயர் நிலைத்தது என்றால் மற்றவர்கள் எப்படி வாங்கியிருப்பார்கள் என்று யோசித்துக்கொள்ளலாம். அந்தப் பட்டம் உங்களுக்கு வேண்டும் என்று நான் கேட்கவில்லை.

நான் கேட்பது ஒரு பலகை. ஒவ்வொரு சுங்கப் பாலத்திலும் சாவடிக்குக் கொஞ்சம் முன்னால், வண்டியில் போகிறவர் தலையைத் திருப்பாமல் படிக்கிற அளவு எழுத்தில். பாலம் கட்டிய செலவு இவ்வளவு. போன மாதக் கடைசிவரை வசூல் இவ்வளவு. பாக்கி இவ்வளவு. இப்படியே போனால் இந்த வருடம் தீரும். உங்கள் இணையதளத்தில் சாவடிவாரியாகச் சில விவரங்கள் இருக்கின்றன, பார்த்திருக்கிறேன், ஆனால் பணம் வாங்குவது இணையதளத்தில் இல்லையே, சாலையில்தானே. 2021 பிப்ரவரியிலிருந்து ஃபாஸ்டேக் கட்டாயம். ஒவ்வொரு வண்டியும் ஒவ்வொரு ரூபாயும் அந்த நொடியே கணினியில் ஏறுகிறது. நோட்டும் சில்லறையும் கைமாறிய காலத்தில் "கணக்குச் சேர்க்க நாளாகும்" என்று சொல்லியிருக்கலாம், இப்போது என் வங்கி எனக்குக் குறுஞ்செய்தி அனுப்புவதற்குள் உங்களுக்குக் கணக்கு வந்துவிடுகிறது.

அந்தப் பலகை உண்மையாக இருக்க வேண்டுமென்றால் ஒப்பந்தத்தில் "செலவு" என்ற சொல் ஒருமுறை எழுதி மூடியதாக இருக்க வேண்டும். வராத ஆதாயத்தை மறுபடி அசலோடு சேர்க்கிற வேலை எந்த ஒப்பந்தத்திலும், எந்தப் பெயரிலும் கூடாது. கட்டுகிறவருக்கு நியாயமான லாபம் வேண்டும், மறுக்கவில்லை, வண்டி எதிர்பார்த்த அளவு வராவிட்டால் நட்டத்தில் ஒரு பங்கை அவர்தானே தாங்க வேண்டும். வாட்டர்லூ கம்பெனி தாங்கியது. பாலத்தையும் கட்டி, நட்டத்தை மட்டும் வழிப்போக்கன் தலையில் கட்டினால் அது வியாபாரம் இல்லை.

போட்ட அசல் தீர்ந்த பிறகு என்ன என்பதையும் இப்போதே எழுதிவிடுங்கள். உங்கள் 2008 விதிகளில் முதலீடு மீண்டபின் கட்டணம் 40 சதவீதமாகக் குறைய வேண்டும் என்று ஓர் ஏற்பாடு இருந்தது. எனக்கு அது பிடித்திருந்தது, கட்டுமானக் கடன் ஒரு பங்கு, பாலத்தைக் காப்பது ஒரு பங்கு என்று பிரித்துக் காட்டுகிற மாதிரி இருந்ததால். 2023இல் அதை மாற்றி, ஒப்பந்தக் காலம் முடிந்த பிறகும் முழுக் கட்டணமே தொடரலாம் என்று ஆக்கிவிட்டீர்கள். அந்த 40 சதவீதத்தைத் திரும்பக் கொண்டுவாருங்கள். 40 அதிகமா குறைவா என்று பாலத்துக்குப் பாலம் பொறியாளர்கள் சொல்லட்டும், மணல் ஆற்றுக்கு ஒன்று, பாறை ஆற்றுக்கு ஒன்று என்று வரும். ஆனால் அந்தப் பணம் அந்தப் பாலத்தின் பெயரில் தனிக் கணக்கில் இருக்க வேண்டும். கடைசியாக எந்தத் தேதியில் தண்ணீருக்கடியில் இறங்கித் தூணைப் பார்த்தார்கள் என்பதும் அதே பலகையில் ஒரு வரியாக இருக்கட்டும். எனக்கு வசூல் கணக்கைவிட அந்த ஒரு வரிதான் முக்கியம் என்றுகூடச் சொல்வேன், பிள்ளைகளைப் பின் சீட்டில் உட்காரவைத்துக்கொண்டு பாலம் ஏறுகிறவர்கள் யாரும் அப்படித்தான் சொல்வார்கள்.

நாடு முழுக்க ஒரே நாளில் செய்யச் சொல்லவில்லை. ஒரே ஒரு பாலத்தில் வைத்துப் பாருங்கள், எந்த ஆறானாலும் சரி, நீங்களே தேர்ந்தெடுங்கள். இடம் இல்லை என்று மட்டும் சொல்லாதீர்கள், ஒவ்வொரு சாவடிக் கூரையிலும் விளம்பரத்துக்கு எவ்வளவு இடம் ஒதுக்கியிருக்கிறீர்கள் என்று வரிசையில் நின்ற எங்களுக்கு நன்றாகவே தெரியும்.

இப்படிக்கு,
யமுனையைத் தினமும் காசு கொடுத்துத் தாண்டிய ஒரு பழைய மயூர் விஹார்வாசி